இரண்டு கிரகத்துக்கு ஒரு தாள்

மார்ச் 4
மருத்துவமனை, மூன்றாம் மாடி

நலம் விசாரிக்கும் மனநிலையில் நான் இல்லை. நேராக விஷயத்துக்கு வருகிறேன்.

உங்கள் அண்ணன் இன்னும் கண் திறக்கவில்லை. இன்றோடு நான்கு நாள். தொண்டையில் குழாய் போட்டிருக்கிறார்கள், அவருக்குப் பதிலாக ஒரு இயந்திரம் மூச்சு விடுகிறது. "எத்தனை நிமிஷம் மூளைக்குக் காத்துப் போகலைன்னு தெரிஞ்சா நல்லா இருக்கும்மா" என்கிறார் மருத்துவர். உங்கள் அண்ணனுக்கு மனைவி என்ற முறையிலும் ஆய்வகத் தலைவி என்ற முறையிலும் எனக்குத் தெரிந்திருக்க வேண்டிய விஷயம். தெரியவில்லை. அந்த அறையில் இருந்தவர் நீங்கள் ஒருவர்தான்.

தினமும் வாசலில் வந்து நிற்கிறீர்களாம். உள்ளே விட வேண்டாம் என்று காவலரிடம் சொன்னது நான்தான். கைப்பேசியில் உங்கள் எண்ணை அடைத்ததும் நான்தான். உங்கள் குரலைக் கேட்டால் கத்திவிடுவேன். இங்கே கத்தக்கூடாது. எழுதிக் காவலரிடம் கொடுத்தால் படிப்பேன்.

எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான். மார்ச் 1 காலை ஆய்வகத்தில் வெள்ளிக் கலனின் மூடியைத் திறந்தீர்கள். வெள்ளிக் கிரகத்தில் இருப்பதைப் போலவே உள்ளே கரியமில வாயு. திறக்கும் முன் பதினைந்து நிமிடம் புதுக் காற்று அடித்து அதை வெளியே தள்ள வேண்டும். நீங்கள் தள்ளவில்லை. உள்ளே இருந்த கற்களை எடுக்கக் குனிந்த உங்கள் அண்ணன் தலைகுப்புற உள்ளே விழுந்தார்.

ஏன் காற்று அடிக்கவில்லை? சுவரில் நான் ஒட்டியிருந்த செய்முறைத் தாள் எங்கே? விசாரணைக் குழு வந்தபோது அங்கே பசை மட்டும்தான் இருந்ததாம். குனிவதற்கு முன் அவர் கடைசியாக என்ன சொன்னார்?

15ஆம் தேதி விசாரணை. அதற்குள் பதில் வேண்டும்.

*

மார்ச் 5

அன்புள்ள அண்ணிக்கு,

மூன்று நிமிடம். நாலாகவும் இருக்கலாம். முதலில் இதை டாக்டரிடம் சொல்லிவிட்டு வந்து மீதியைப் படியுங்கள்.

பதினோரு வருடமாக என்னை 'நீ' என்று கூப்பிட்டவர் இப்போது 'நீங்கள்' என்று எழுதுகிறீர்கள். செருப்பால் அடித்திருந்தால்கூட இவ்வளவு வலித்திருக்காது. சரி, அந்தப் பேச்சு இப்போது எதற்கு. அண்ணனுக்கு விரல் அசைகிறதா? கால் சில்லென்று இருக்கிறதா? அவருக்குக் கால் குளிர்ந்தால் தூக்கமே வராது. நான் ஒரு ஜோடி காலுறை வாங்கிக் காவலரிடம் கொடுத்திருக்கிறேன். யார் கொடுத்தது என்று சொல்லாமல் போட்டுவிடுங்கள்.

எனக்குப் பொழுது எப்படிப் போகிறது என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனாலும் சொல்கிறேன். மருத்துவமனைக்கு எதிரே ஒரு சைக்கிள் கடை. அதன் படியில் உட்கார்ந்து மூன்றாம் மாடி ஜன்னல்களை எண்ணுகிறேன். இடமிருந்து ஐந்தாவதா ஆறாவதா என்று தெரியாததால் இரண்டையும் பார்க்கிறேன். கடைக்காரர் நேற்று, "என்ன தம்பி, ஜன்னல் விலைக்கு வருதா?" என்றார்.

ஆய்வகத்தைப் பூட்டி முத்திரை வைத்துவிட்டார்கள். நம் மாமியாரும் நோஞ்சானும் இருட்டில் கிடக்கிறார்கள். நீங்கள் கோபித்துக்கொண்டாலும் அந்தப் பெயர்களை நான் விடமாட்டேன். வெள்ளிக் கலன் தொண்ணூற்றிரண்டு பூமிக் காற்றின் அழுத்தத்தையும் ஈயம் உருகும் சூட்டையும் வைத்துக்கொண்டு உர்ரென்று நிற்கும், அதை மாமியார் என்று சொல்லாமல் என்ன சொல்வது? செவ்வாய்க் கலனில் நம் காற்றில் நூற்றில் ஒரு பங்குகூட இல்லை, அது நோஞ்சான்தானே. அண்ணன் சொல்வாரே, ஒரே வீட்டில் பிறந்த நாலு பிள்ளைகள், நாலு பேருக்கும் கல்லும் இரும்பும்தான் உடம்பு என்று. மூத்தவன் புதன் போட்டிருந்த சட்டையைச் சூரியனிடம் பறிகொடுத்துவிட்டான். இரண்டாவது வெள்ளி கம்பளிக்கு மேல் கம்பளி போர்த்தி வெந்துபோனாள். கடைக்குட்டி செவ்வாய் ஒற்றைத் துண்டோடு நடுங்குகிறான். மூன்றாவது பிறந்த நம்மவள் மட்டும் எப்படிப் பிழைத்தாள்? இந்தக் கேள்விக்காகத்தானே மனுஷன் மூட்டை மூட்டையாக எரிமலைக் கல்லைக் கொண்டுவந்து மாமியாரிடம் வேகவைத்தார்.

அன்று நடந்தது: இருபத்துநாலு போல்ட்டையும் கழற்றினேன். மூடியைத் தூக்கினேன். அண்ணன் குனிந்தார். நான் கல்பெட்டியை வைத்துக்கொண்டு சுவரைப் பார்த்து நின்றேன். திரும்பியபோது கால் மட்டும்தான் தெரிந்தது. மூச்சைப் பிடித்துக்கொண்டு இழுத்தேன்.

மற்றதை நேரில் சொல்கிறேன். என்னை உள்ளே விடுங்கள் அண்ணி.

இப்படிக்கு,
உங்கள் கொழுந்தன்

*

மார்ச் 7

காலுறையைப் போட்டுவிட்டேன். அதற்கு நன்றி. மற்றபடி உங்கள் கடிதத்தில் எனக்குத் தேவையானது முதல் வரி மட்டும்தான்.

மூன்று கேள்வி கேட்டேன். காலுறை, சைக்கிள் கடை, மாமியார் எல்லாம் வந்திருக்கிறது, பதிலைக் காணோம். பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பது உங்களுக்குக் கைவந்த கலை. என்னிடம் அது வேண்டாம்.

புதிதாக ஒன்று வேறு சேர்ந்திருக்கிறது. சுவரைப் பார்த்து நின்றீர்களா? மூன்று நிமிடமா? அந்தச் சுவரில் என்ன இருக்கிறது பார்ப்பதற்கு? பக்கத்தில் அண்ணன் கலனுக்குள் இடுப்பு வரை குனிந்திருக்கிறார். பேச்சும் இல்லை, கல் உரசும் சத்தமும் இல்லை. அது காதில் விழவில்லையா?

அந்த வாயுவுக்கு நிறமும் இல்லை, எச்சரிக்கும்படி மணமும் இல்லை. நாம் மூச்சு விடும் காற்றைவிடக் கனம். மூடியைத் திறந்தாலும் குடத்துத் தண்ணீர் மாதிரி உள்ளேயே கிடக்கும். இரண்டு இழுப்பு போதும். இதை உங்களுக்குச் சொல்லிக்கொடுத்ததே நான்தான், எனக்கே இதைத் திருப்பி எழுத வேண்டிவந்ததே.

ஒவ்வொரு தாளையும் என் கைப்பட எழுதுகிறேன், ஏன் தெரியுமா? அச்சிட்ட தாளை யாரும் படிப்பதில்லை. புதிய தாள் ஒட்டியதும் பழையதைக் கிழித்துவிடுவேன். ஆகவே அன்று சுவரில் இருந்தது ஒரே தாள்தான். அதில் காற்று அடிக்கும் வரி இருந்தது. நான் எழுதியது எனக்குத் தெரியாதா? அந்தத் தாள் வெளியே வந்தால் நீங்கள் மாட்டிக்கொள்வீர்கள், அதனால்தான் அதைக் கழற்றியிருக்கிறீர்கள். 15ஆம் தேதிக்குள் வரவில்லையென்றால், தாளை அழித்துவிட்டீர்கள் என்று குழுவிடம் சொல்வேன். சொல்ல எனக்குக் கொஞ்சமும் தயக்கம் இருக்காது.

நாளைக் காலை குழாயை எடுத்துப் பார்க்கப் போகிறார்கள். தானாக மூச்சு விடுகிறாரா என்று.

கடைசியாக என்ன சொன்னார்?

*

மார்ச் 9

அன்புள்ள அண்ணிக்கு,

நேற்று குழாயை எடுத்ததும், அண்ணனால் முடியாமல் பத்து நிமிடத்தில் திரும்பப் போட்டதும் காவலர் சொல்லித் தெரிந்துகொண்டேன். பாவம் அவர், எனக்கும் உங்களுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டு முழிக்கிறார்.

இத்துடன் தாளை வைத்திருக்கிறேன். நாலு மூலையிலும் பசை ஒட்டியிருக்கிறது, மெதுவாகப் பிரியுங்கள். ஆம்புலன்ஸ் கிளம்பிய பிறகு ஓடிப்போய்க் கழற்றினேன். என்னைக் காப்பாற்றிக்கொள்ள இல்லை. படித்தால் புரியும்.

படித்துவிட்டீர்களா? நாலாவது வரி: 'கலனின் அழுத்தத்தை அறை அழுத்தத்துக்குக் கொண்டுவந்த பின் மூடியைத் திறக்கலாம்.' அடுத்த வரி கற்களை எடுப்பது பற்றி. நடுவில் ஒன்றும் இல்லை. காற்று அடிக்கும் வரி பழைய தாளில் இருந்தது. அது நீங்கள் பிப்ரவரியில் கிழித்துப்போட்ட தாள்.

'இரண்டு கலனுக்கும் ஒரே தாள்' என்று தலைப்புப் போட்டு ஒட்டினீர்கள். நோஞ்சானுக்கு அந்த வரி சரிதான். அதற்குள் ஒன்றுமே இல்லாததால் அறை அழுத்தத்துக்குக் கொண்டுவருவதே அறைக் காற்றை உள்ளே விட்டுத்தான். திறக்கும்போது உள்ளே இருப்பது நாம் சுவாசிக்கிற காற்று. மாமியார் சங்கதி தலைகீழ். தொண்ணூற்றொரு பங்கை வெளியே விட்டாலும் மிச்சம் ஒரு பங்கு உள்ளேயே நிற்கும். அழுத்தம் பூமிக்குச் சமம், வெளியோடு வித்தியாசம் காட்டும் முள்ளும் பூஜ்ஜியம், மூடியும் சமர்த்தாகத் திறக்கும். ஆனால் உள்ளே இருப்பது முழுக்க வெள்ளிக் காற்று.

இதையெல்லாம் உங்களுக்கு நான் சொல்ல வேண்டியிருக்கிறது பாருங்கள்.

பிப்ரவரியில் ஒருநாள் வெளியாட்கள் வந்திருந்தபோது உங்களிடம் ஏதோ கேட்க வந்தேன், ஞாபகம் இருக்கிறதா? நான் வாயைத் திறப்பதற்குள், "தாள் எழுதறது என் வேலை. அதுல இருக்கறதைச் செய்யறது உன் வேலை" என்றீர்கள். நாலு பேர் சிரித்தார்கள். கேட்க வந்தது இந்த வரியைப் பற்றித்தான்.

தாளை நீங்களே கிழித்துப்போடுங்கள். தாளில் இருந்தது, நான் மறந்துவிட்டேன், பயத்தில் கிழித்தேன் என்று விசாரணையில் சொல்லிவிடுகிறேன். எனக்கு இந்த வேலை போனால் சைக்கிள் கடையில் ஒரு இடம் கிடைக்கும். உங்களுக்கு அப்படியில்லை. அண்ணன் எழுந்து வந்தால் அவரைப் பார்த்துக்கொள்ள நீங்கள் தலைநிமிர்ந்து நிற்க வேண்டும்.

கடைசியாக அவர் சொன்னது முக்கியமானதாக ஒன்றுமில்லை. விட்டுவிடுங்கள்.

உங்கள் கொழுந்தன்

*

மார்ச் 10

தம்பிக்கு,

தாளை ஏழு முறை படித்தேன். அந்த வரி எங்காவது பின்பக்கம் இருக்குமோ என்று திருப்பிப் பார்த்தேன். பின்பக்கம் பசைதான் இருந்தது.

முதலில் உங்கள் மேல்தான் கோபம் வந்தது. இரண்டு வருடம் தவறாமல் காற்று அடித்தவருக்குத் தாளில் இல்லையென்றால் தெரியாதா என்று ஒரு பக்கம் எழுதினேன். அதைக் கிழித்துவிட்டேன். தாளில் இருப்பதை மட்டும் செய்யச் சொன்னவள் நான்.

புதுத் தாள் எழுதிய வாரம் எனக்கு நடந்தது இதுதான். இரண்டு கலன்களின் பழைய தாள்களையும் மேசையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தேன். இரண்டு கிரகத்திலும் காற்று என்றால் பெரும்பாலும் கரியமில வாயுதான், நூற்றுக்குத் தொண்ணூற்றைந்துக்கு மேல். ஒன்று அழுத்தம் கூடியது, ஒன்று குறைந்தது, இரண்டையும் பூமியின் அளவுக்குக் கொண்டுவந்தால் கதை முடிந்தது என்று தோன்றியது. ஒரே வரியில் இரண்டு கிரகமும் அடங்கிவிட்டதே என்று எனக்கு அவ்வளவு பெருமை. உங்கள் அண்ணனிடம் படித்துக்காட்டினேன். சவரம் செய்துகொண்டே "ஜோரா இருக்கு" என்றார். பூமிக்குச் சமம் என்றதும் பூமி மாதிரியே என்று நினைத்துவிட்டேன். அளவு, எடை எல்லாவற்றிலும் வெள்ளி பூமிக்குக் கிட்டத்தட்டச் சமம்தான், அங்கே ஒரு நிமிடம் நிற்க முடியுமா என்று வகுப்புகளில் கேட்கிறவள் நான். படிச்சவன் பாட்டைக் கெடுத்தான் என்பது எனக்குத்தான் பொருந்தும்.

உங்களிடம் பொய் சொல்ல விருப்பமில்லை. நேற்று மாலை தாளைக் கிழிக்கத்தான் எடுத்தேன். அசல் இது ஒன்றுதான், நகல் கிடையாது, நீங்களும் ஒப்புக்கொண்டுவிட்டீர்கள். இரண்டு விரலால் மூலையைப் பிடித்துக்கொண்டு நெடுநேரம் உட்கார்ந்திருந்தேன். ஒரு மூலை கிழிந்திருக்கிறது, அது நான் செய்தது. இப்போது தாள் அவர் தலையணைக்கு அடியில் இருக்கிறது. என்ன செய்யப் போகிறேன் என்று சத்தியமாக எனக்குத் தெரியவில்லை. பயமாக இருக்கிறது.

'முக்கியமானதாக ஒன்றுமில்லை' என்று எழுதியிருக்கிறீர்கள். முக்கியமில்லாததை யாரும் இரண்டு கடிதமாக மறைக்கமாட்டார்கள். அவர் இனிமேல் பேசாமலே போய்விட்டால் அந்தச் சொல்தான் எனக்கு மிச்சம். அதை வைத்துக்கொள்ள உங்களுக்கு என்ன உரிமை?

அந்தச் சுவரில் என்ன பார்த்தீர்கள் என்றும் சொல்லவில்லை.

அண்ணி

*

மார்ச் 12

அண்ணி,

சொல்கிறேன். படித்த பிறகு இந்தக் கடிதத்தைக் கிழித்தாலும் சரி, குழுவிடம் கொடுத்தாலும் சரி.

அண்ணனுக்கு ஒரு பழக்கம் உண்டு, உங்களுக்கே தெரியும். குனிவதற்கு முன் கையைத் துடைத்துக்கொண்டே என்னிடம் கேட்பார்: "காத்து அடிச்சாச்சா?" நான் "ஆச்சுண்ணே" என்பேன். அதற்குப் பிறகுதான் தலையை உள்ளே விடுவார். இரண்டு வருடத்தில் ஒருநாளும் தவறியதில்லை.

புதுத் தாள் ஒட்டிய பிறகு மாமியாரைத் திறந்தது அன்றுதான் முதல்முறை. அன்றும் கேட்டார். நான், "அண்ணியோட புதுத் தாள்ல அது இல்லைண்ணே" என்றேன். ஒரு விநாடி யோசித்தார். பிறகு சிரித்தார். "அப்படியா? அவ எழுதினா சரியாத்தான் இருக்கும்" என்று சொல்லிவிட்டுக் குனிந்தார்.

அதுதான் கடைசி. இதை உங்களிடம் எப்படிச் சொல்வது? நீங்கள் என்னைத் திட்டிக்கொண்டே இருந்தால் தேவலை, இது உங்கள் காதில் விழாமல் இருந்தால் போதும் என்று நினைத்தேன்.

ஆனால் உங்களை மட்டும் காப்பாற்றத்தான் மறைத்தேன் என்று சொன்னால் அது அயோக்கியத்தனம். சுவரைப் பற்றிக் கேட்டீர்களே. அங்கே என்ன இருக்கிறது என்று யோசித்துப் பாருங்கள். என் தலைக்கு மேல் இரண்டு சாண் உயரத்தில் வாயு அலாரம்.

அண்ணி, எனக்குத் தெரியும். காற்று அடிக்காமல் திறந்தால் வாயு நிற்கும் என்று தெரியும். மூடி திறந்ததும் வாயு வழிந்து அறைக்குள் வரும், அலாரம் அலறும், கட்டடமே ஓடிவரும், நீங்களும் ஓடி வருவீர்கள் என்று நினைத்தேன். அப்போது எல்லார் முன்னாலும் அந்தத் தாளைக் காட்டி, "இதுல இருக்கறதைத்தானே செஞ்சேன்" என்று சொல்ல வேண்டும். பிப்ரவரியிலிருந்து அந்த வாக்கியத்தை மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே இருந்தேன். அதற்காகத்தான் அலாரத்தை அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றேன். இதோ அடிக்கும், இதோ அடிக்கும் என்று. அது அடிக்கவே இல்லை. குடத்துத் தண்ணீர் மாதிரி உள்ளேயே கிடக்கும் என்று நீங்கள் சொல்லிக்கொடுத்தது அன்று ஏன் ஞாபகம் வரவில்லை? எனக்கு உங்கள் முகம் விழுவதைப் பார்க்க வேண்டியிருந்தது. அண்ணன் தலை எங்கே இருக்கிறது என்று பார்க்கவில்லை.

"ஆகலைண்ணே, இரு" என்று ஒரு வார்த்தை. அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

நம் பூமியிடமும் வெள்ளியிடம் இருக்கிற அளவுக்குக் கரியமில வாயு உண்டு, இவள் அதைக் கல்லுக்குள் பூட்டி வைத்திருக்கிறாள், அதனால்தான் பிழைத்தாள் என்று அண்ணன் சொல்வார். நானும் ஒன்றைப் பூட்டித்தான் வைத்திருந்தேன். அது பிழைக்கிற வழியாக இல்லை.

15ஆம் தேதி காலை உங்கள் முறை, பிற்பகல் என் முறை. நான் இதைச் சொல்லிவிடுவேன். தாளை என்ன செய்வது என்பது உங்கள் இஷ்டம். இனி வாசலுக்கு வரமாட்டேன்.

*

மார்ச் 15, பிற்பகல்
மருத்துவமனை, மூன்றாம் மாடி

தம்பி,

காலையில் தாளைக் குழுவின் மேசையில் வைத்தேன். நாலாவது வரியைக் கைகாட்டி, இது என் தவறு என்றேன். மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள். அதில் ஒருவர் என்னிடம் படித்தவர், அவர் தாளைப் பார்க்காமல் பேனாவைப் பார்த்துக்கொண்டிருந்தார். மூலை ஏன் கிழிந்திருக்கிறது என்று கேட்டார்கள். அதையும் சொன்னேன். இனி ஆய்வகப் பக்கம் வர வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். சாவிக்கொத்தைக் கொடுத்துவிட்டு வந்தேன்.

நீ எழுதிய கடிதத்தை நான் காட்டவில்லை. தாளைக் கழற்றி எனக்கு அனுப்பியது நீ என்று மட்டும் சொன்னேன். மற்றது நீ சொல்ல வேண்டியது. இந்தக் கடிதம் உன் கைக்கு வருவதற்குள் சொல்லியிருப்பாய் என்று எனக்குத் தெரியும்.

12ஆம் தேதிக் கடிதத்தைப் படித்த அன்று நீ கையில் கிடைத்திருந்தால் என்ன செய்திருப்பேனோ தெரியாது. மன்னித்துவிட்டேன் என்று எழுதலாம் என்று மூன்று நாளாகப் பார்க்கிறேன். பேனா வரமாட்டேன் என்கிறது. உன்னை மட்டுமில்லை, என்னையும் சேர்த்துத்தான். நாலு பேர் முன்னால் உன்னை அப்படிப் பேசாமல் இருந்திருந்தால் நீ கேட்டிருப்பாய். கேட்டிருந்தால் நான் திருத்தியிருப்பேன். இதையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டு காலை அங்கே போனேன், வந்தேன்.

வந்தபோது கட்டிலைச் சுற்றி ஆட்கள் நின்றார்கள். விலக்கிக்கொண்டு உள்ளே போனேன். குழாயை எடுத்திருந்தார்கள். அவர் தானாக மூச்சு விட்டுக்கொண்டிருந்தார், தம்பி. கண் திறந்திருந்தது.

மருத்துவர் அவரிடம் அவர் பெயரைக் கேட்டார். பதில் இல்லை. இது எந்த இடம் என்று கேட்டார். பதில் இல்லை. என்னைக் காட்டி இவங்க யார் என்று கேட்டார். உன் அண்ணன் என்னையே வெகுநேரம் பார்த்தார். தெரிகிறதா தெரியவில்லையா என்று என்னால் கண்டுபிடிக்க முடியவில்லை. பிறகு என்னைத் தாண்டி, யாரோ நிற்பதுபோலக் கதவுப் பக்கம் பார்த்தார். ஜல்லியை வாரினாற்போல ஒரு குரல்.

"காத்து அடிச்சாச்சா?"

மின்விசிறியைக் கேட்கிறார் என்று நினைத்து, செவிலி ஓடிப்போய்ப் போட்டாள். அவர் அதைப் பார்க்கவே இல்லை. திரும்பவும் கேட்டார். நான் எழுதியது சரியாகத்தான் இருக்கும் என்று அவர் இந்த முறை நம்பவில்லை, தம்பி. பதில் வரும்வரை தலையணையிலிருந்து தலையைத் தூக்கமாட்டேன் என்கிறார். பத்து நிமிடத்துக்கு ஒருமுறை கேட்கிறார். நான் "ஆச்சு" என்றேன். என் முகத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பவும் கதவைப் பார்த்தார்.

என்னிடம் கேட்ட கேள்வி இல்லை அது.

இதை உன்னிடம் கொண்டுவரும் காவலரிடம் உன்னை உள்ளே விடச் சொல்லியிருக்கிறேன். ஜன்னல் இடமிருந்து ஆறாவது. சீக்கிரம் வா, வந்து உன் வாயால் சொல்.

அண்ணி